திறவுகோல் யாருடையது?

எமது தமிழ்த்துறையின் இவ்வாண்டு மலருக்குக் கட்டுரை ஒன்று தருமாறு துறைத்தலைவர் பணித்தபோது, சீறாப்புராண நாட்டுப்படலத்தில் நெய்தல் நில வருணனை என்னும் பொருளில் எழுதுவதாகவே ஒப்புக்கொண்டோம். குறிப்புகளும் ஆயத்தமாக இருந்தன. ஆயினும் எழுத அமர்ந்த வேளையில், 2025-ஆம் ஆண்டுக் கோடை விடுமுறையில் எமது இல்லத்தில் நிகழ்ந்த ஒன்றே மீண்டும் மீண்டும் நினைவில் எழுந்து, எழுதுகோலைத் தன்பால் இழுத்தது. அது ஒரு வீடியோ விளையாட்டுப் பெட்டியைப் பற்றியது. தமிழ்த்துறை மலரில் இதற்கு என்ன இடம் என்று மூத்தோர் வினவக்கூடும். அவர்கள் பொருட்டு ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகின்றோம். 1957-ஆம் ஆண்டின் இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1984-இல் திருத்தப்பட்ட நாள் முதலாக, கணிப்பொறி நிரலையும் 'இலக்கியப் படைப்பு' என்னும் வகைக்குள்ளேயே வைத்திருக்கின்றது. சட்டத்தின் கண்ணில் சீறாவும் இலக்கியம். ஒரு விளையாட்டுப் பெட்டியின் உள்ளே உறங்கும் நிரலும் இலக்கியம். ஆகவே எமது எல்லையைக் கடந்து எங்கும் சென்றுவிட்டோம் அல்லோம்.

கடல் கடந்து வந்த பெட்டி

எமது தமையனாரைக் காக்கா என்றே அழைத்து வளர்ந்தோம். எம்மினும் ஏழாண்டு மூத்தவர். கீழக்கரையின் எத்தனையோ இளைஞர்களைப் போல 1996-இல் சவூதி அரேபியாவின் தம்மாம் நகருக்குப் பிழைக்கச் சென்றார். 1999-இல் முதல் விடுமுறையில் வந்தபோது, உம்மாவுக்குப் போர்வையும் வாப்பாவுக்குக் கைக்கடிகாரமும் கொண்டுவந்த அதே பெட்டியில், துணிகளுக்கு நடுவே பொதிந்து, சாம்பல் நிறத்தில் ஒரு சோனி பிளேஸ்டேஷனையும் கொண்டுவந்திருந்தார். அப்போது எமக்கு அகவை பதினெட்டு. இளங்கலைத் தமிழ் முதலாண்டு மாணவர். பகலில் நன்னூல், இரவில் தொலைக்காட்சிப் பெட்டியின் முன்னே கால்பந்து.

அப்பெட்டி 1994 டிசம்பரில் சப்பானில் வெளிவந்தது; 2006-இல் அதன் உற்பத்தி நின்றது. அதற்குள் உலகெங்கும் பத்துக் கோடிக்கு மேல் விற்பனையாயிற்று. அந்தப் பத்துக் கோடியில் ஒன்று எங்கள் தெருவின் பிள்ளைகள் அனைவருக்கும் பொதுவுடைமையாக இருந்தது. மாலையில் கடற்கரை மணலில் காலால் ஆடிய அதே பதினொருவர், இஷா தொழுகைக்குப் பின் எங்கள் திண்ணையறையில் கையால் ஆடினர். காக்காவுக்கு ஒரு வேடிக்கையான எண்ணம் தோன்றிற்று. அந்தக் கால்பந்து விளையாட்டில் வீரர்களின் பெயர்களை மாற்றி எழுத இடமிருந்தது. பொறுமையாக ஒவ்வோர் எழுத்தாகத் தேடிப் பொறுக்கி, ஐரோப்பிய அணி ஒன்றின் பதினொரு பெயர்களையும் அழித்துவிட்டு, எங்கள் தெருவின் பதினொரு பெயர்களை ஆங்கில எழுத்துகளில் எழுதிவைத்தார். இலக்குக் காவலர் நாம். எமது இயற்பெயரை அவர் எழுதவில்லை. 'தம்பி' என்று எழுதினார். அவ்வளவையும் தாங்கிநின்றது, தீப்பெட்டியைவிடச் சற்றே பெரிய ஒரு நினைவட்டை. மெமரி கார்டு என்று பிள்ளைகள் சொல்வது அதனையே. அதன் கொள்ளளவு வெறும் 128 கிலோபைட்டு; பதினைந்து கட்டங்கள்.

காக்கா 2006-இல் ஒருமுறை வந்தார். அப்போது அவருடைய மகன் ஒரு வயதுக் குழந்தை. அதன்பின் வரவில்லை. 2008-இல் ஒரு சாலை விபத்தில் இறைவனின் நாட்டப்படி அவர் வபாத்தானார். அங்கேயே நல்லடக்கமும் நிகழ்ந்தது. வளைகுடாவில் உயிர்நீத்தோர் பலரின் வீடுகளுக்கு உடல் வருவதில்லை. பொருள்கள் மட்டும் வரும். ஓர் அட்டைப் பெட்டியில் அவருடைய சட்டைகளும், கைப்பேசியும், சில புகைப்படங்களும் வந்தன. பிளேஸ்டேஷன் முன்பே எங்கள் வீட்டுப் பரணில் இருந்தது. அதனை எடுக்கும் மனவலிமை எவருக்கும் இல்லை.

உப்பும் கண்ணும்

அந்த மகன் இப்போது பொறியியல் படிக்கின்றான். வாப்பாவின் குரலை அறியாதவன். சென்ற கோடையில் பரணிலிருந்து பெட்டியை அவனே இறக்கினான். பாம்பன் பாலத்தின் இரும்பையே தின்ற உப்புக்காற்று இந்தப் பெட்டியை மட்டும் விட்டுவைக்குமா? இணைப்பு முனைகளில் பச்சைக் களிம்பு பூத்திருந்தது. இராமநாதபுரத்தில் தொலைக்காட்சி பழுதுபார்க்கும் ஒருவரிடம் கொண்டுசென்றோம். அவர் தூரிகையும் சாராயக் கரைசலும் கொண்டு துடைத்து, மின்வழங்கியில் ஓர் உறுப்பை மாற்றி உயிர் கொடுத்தார். திரையில் அந்தப் பழைய இலச்சினை தோன்றி, பேரொலி எழும்பியபோது, அடுக்களையிலிருந்த உம்மா வெளியே வந்து நின்றார்கள். பதினேழு ஆண்டுகளாக அந்த வீட்டில் கேட்காத ஒலி அது.

ஆனால் பெட்டியின் கண் குருடாகியிருந்தது. குறுந்தகட்டைப் படிக்கும் ஒளிக்கருவி தேய்ந்துபோயிற்று. மாற்றுக்கருவி வரவழைத்துப் பொருத்தியும் தகடு சுழன்றதேயன்றிப் படிக்கவில்லை. நினைவட்டையில் காக்காவின் கோப்பு இருப்பதைத் திரை காட்டிற்று: ஒரு சிறிய பந்தின் படம், அதன் கீழே விளையாட்டின் பெயர். தேதி கிடையாது, அந்தப் பெட்டிக்குள் கடிகாரம் இல்லை. உள்ளே உள்ள பெயர்களைக் காண வேண்டுமாயின் விளையாட்டு ஓடவேண்டும். விளையாட்டு ஓடவேண்டுமாயின் கண் வேண்டும்.

"கண்ணு வேணாம் சாச்சா. எமுலேட்டர்ல ஓட்டிக்கலாம்" என்றான் பிள்ளை.

எமுலேட்டர் என்பது ஒரு பொறியைப் போலவே நடிக்கும் நிரல். இன்றைய கணிப்பொறி, தன்னைப் பழைய பிளேஸ்டேஷனாகப் பாவித்துக்கொண்டு, அதற்குரிய தகட்டைத் தானே படித்து ஓட்டும். ஆனால் நடிகனுக்கு உடையும் உடலும் மட்டும் போதா, வசனமும் வேண்டும். அந்த வசனமே 'பயாஸ்' என்பது. பெட்டிக்கு மின்சாரம் ஊட்டியவுடன் முதன்முதலில் விழித்தெழும் நிரல் அது. இலச்சினையைக் காட்டுவதும், தகடு முறையானதா என ஆராய்வதும், நினைவட்டையைத் திறந்து மூடுவதும் அதன் பணிகள். பிளேஸ்டேஷனில் அதன் அளவு 512 கிலோபைட்டு. ஒரு சில்லில் நிலையாக எழுதப்பட்டிருக்கும். எல்லா விளையாட்டுப் பெட்டிகளுக்கும் இது தேவை என்பதில்லை. பழைய நிண்டெண்டோ பெட்டியில் விளையாட்டுப் பேழையே முழுப்பொறுப்பையும் ஏற்றுக்கொண்டது. குறுந்தகட்டுப் பெட்டிகள் வந்தபின்னரே இந்த வாயிற்காவலன் பெரிதும் வேண்டியவனானான்.

எம்மூர் மாணவர்க்கு இதனை விளக்க அரபுத்தமிழைவிடப் பொருத்தமான உவமை வேறில்லை. கீழக்கரையில் வாழ்ந்து 1898-இல் மறைந்த மாப்பிள்ளை லெப்பை ஆலிம் அவர்கள் எழுதிய நூல்களில் பல அரபுத்தமிழில் அமைந்தவை. எழுத்து அரபு, மொழி தமிழ். அரபு மட்டும் அறிந்தவர்க்கு அது விளங்காது. தமிழ் மட்டும் அறிந்தவர்க்கும் திறவாது. எமது உம்மம்மா அந்நூல்களைத் தண்ணீர் குடிப்பதுபோல் வாசித்தார்கள். இன்று அதே நூல் எங்கள் அலமாரியில் இருக்கின்றது, வாசிப்பார் இல்லை. ஏடு அழியவில்லை, எழுத்து அழியவில்லை. திறக்கும் பயிற்சி மட்டும் அழிந்துவிட்டது. காக்காவின் நினைவட்டையும் அந்நிலையில்தான் இருந்தது.

உம்மாவின் கேள்வி

பயாசைப் போன்ற ஒன்றைத் தாமே உள்ளடக்கிய எமுலேட்டர்களும் உண்டு. பிள்ளை முதலில் அத்தகைய ஒன்றிலே முயன்றான். விளையாட்டு தொடங்கிற்று; நினைவட்டையைப் படிக்கும் இடத்தில் நின்றுபோயிற்று. மறுநாள் காலை அவன் மலர்ந்த முகத்துடன் வந்தான். இணையத்திலிருந்து உண்மையான பயாஸ் கோப்பை இறக்கிவிட்டதாகச் சொன்னான். சிறிய கோப்பு, சில நொடிகளில் இறங்கிற்றாம்.

"அது யாரு எழுதினது?" என்று கேட்டோம்.

"சோனி கம்பெனி."

"அவர்கள் கொடுத்தார்களா?"

"நெட்டுல எல்லாரும் எடுத்துக்கிறாங்க சாச்சா. இருபது வருசத்துக்கு முந்தியே செய்யுறதை நிறுத்திட்டாங்க. இதனால யாருக்கு நட்டம்?"

ஆசிரியராக நின்று அறிவுரை தொடங்கினோம். பிறருடைய ஆய்வேட்டைப் படியெடுத்துத் தம் பெயரிட்டுத் தந்த மாணவர் ஒருவருக்குக் கையொப்பமிட மறுத்த பழைய கதையையும் சொன்னோம். பிள்ளை பணிவோடுதான் கேட்டுக்கொண்டிருந்தான். பிறகு எழுந்து, எமது நூலடுக்கின் மூன்றாம் தட்டிலிருந்து, சுருள்கம்பி கட்டிய பருத்த தொகுதிகள் இரண்டை எடுத்து எம்முன் வைத்தான். ஆய்வியல் நிறைஞர் பட்டத்திற்காக நாம் உழைத்த காலத்தில், கடையிற் கிடைக்காத நூல்கள் என்று சொல்லி, அட்டை முதல் அட்டை வரை நகலெடுத்தவை அவை. ஒன்றின் ஆசிரியர் அப்போது உயிரோடிருந்தார். பிள்ளை ஒன்றும் பேசவில்லை. எமக்கும் பேச்சு எழவில்லை.

அதுமட்டுமா? காக்காவின் தகடுகள் பதினான்கில் பதின்மூன்று, கடைவீதிகளில் அக்காலத்தே மலிவாக விற்ற திருட்டுப் படிகள். அவற்றை ஏற்கும்படியாகப் பெட்டிக்குள் ஒரு சில்லும் பொருத்தப்பட்டிருந்தது. கால்பந்துத் தகடு ஒன்றே மூலத்தகடு. அதன் அடிப்புறம் கருநிறம். பிளேஸ்டேஷனின் மெய்யான தகடுகளை அந்தக் கருநிறத்தால் அறியலாம். தம் சம்பளத்தில் காக்கா விலைகொடுத்து வாங்கியது அது ஒன்றுதான். ஒழுக்கத்தின் உயர்ந்த பீடத்தில் அமர்ந்து பேசும் தகுதி எங்கள் வீட்டில் எவருக்கும் இல்லை என்பது தெளிவாயிற்று.

அப்போதுதான் உம்மா கேட்டார்கள்: "வாப்பா, நம்ம வீட்டுப் பெட்டிக்குள்ளயே அந்தச் சாவி இருக்குங்கிறே. கெடக்குற சாவியை எடுக்காம, ஊரான் சாவியைக் கொண்டாந்து ஏன் திறக்குறே? உங்க வாப்பா காசு குடுத்து வாங்கினதுதானே அது?"

உம்மா ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவர்கள். ஆயினும் சட்டம் சுற்றிவளைத்துச் சொல்வதை ஒரே மூச்சில் சொல்லிவிட்டார்கள். பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, கணிப்பொறி நிரலைப் பொறுத்தவரை சில வாயில்களைத் திறந்தே வைத்திருக்கின்றது. முறைப்படி தாம் பெற்ற படியிலிருந்து, வணிக நோக்கமின்றித் தம் சொந்தப் பயனுக்காகப் படியெடுப்பது அங்கே உரிமைமீறலாகக் கொள்ளப்படுவதில்லை. மறுபுறத்தில், உரிமைமீறிய படி என்று அறிந்தே ஒரு நிரலைக் கணிப்பொறியில் பயன்படுத்துவதை 63ஆ பிரிவு குற்றமாக வகுத்து, ஏழு நாள் முதல் மூன்றாண்டு வரை சிறையும் தண்டமும் சொல்கின்றது; வணிக நோக்கம் இல்லையேல் சிறையைத் தவிர்க்கவும் நடுவர்க்கு இடந்தருகின்றது. நாம் வழக்கறிஞர் அல்லோம். எனினும் எமக்கு விளங்கிய மட்டில், வழக்கு கோப்பைப் பற்றியதன்று. அது வந்த வழியைப் பற்றியது.

பிள்ளை சற்றுநேரம் தலைகுனிந்திருந்தான். பின்னர் இறக்கிய கோப்பை அழித்தான். "சரி வாப்பும்மா, நம்ம பெட்டியிலேருந்தே எடுத்துக் காட்டுறேன்" என்றான்.

பாம்பனில் கற்ற பாடம்

அதற்கு வேண்டிய சிறு கருவிகள் அஞ்சலில் வந்துசேர ஒரு வாரம் ஆயிற்று. அந்த இடைவெளியில் ஒருநாள், புதிய பாம்பன் பாலத்தைக் காணவேண்டும் என்று உம்மா விரும்பியதால், மூவரும் இராமேசுவரம் சென்றோம். 2025 ஏப்ரல் 6-ஆம் நாள் திறக்கப்பட்ட அப்பாலத்தின் அருகே, 1914-இல் திறக்கப்பட்டு 2022 டிசம்பரில் ஓய்வுபெற்ற பழைய பாலமும் நின்றது. சாலைப் பாலத்தின் மீதிருந்து இரண்டையும் ஒருசேரக் கண்டோம். பழையதன் நடுக்கண் இரு கைகளாய்ப் பிரிந்து மேலே எழும். மனிதர் நெம்புகோல் தள்ளித் திறப்பர். புதியதன் நடுக்கண் 72.5 மீட்டர் நீளமுள்ள ஒரே துண்டு. மின்விசையால் அப்படியே செங்குத்தாக உயரும். தொடர்வண்டியைச் சுமப்பதும் கப்பலுக்கு வழிவிடுவதும் இரண்டிற்கும் பொதுப்பணி. பணி ஒன்று, பொறி வேறு.

பிள்ளை அங்கே நின்றுகொண்டு ஒரு வரலாறு சொன்னான். ஐ.பி.எம். நிறுவனம் 1981-இல் தனது தனிக்கணிப்பொறியை வெளியிட்டது. அதன் உறுப்புகள் பெரும்பாலும் கடையிற் கிடைப்பவையே. பயாஸ் ஒன்றே அவர்களுக்கு உரியது. காம்பாக் என்னும் புதிய நிறுவனம் அதனைத் திருடவில்லை. ஒரு குழுவினர் அந்தப் பயாஸ் என்னென்ன செய்கின்றது என்பதை மட்டும் ஆராய்ந்து எழுதினர். மூலத்தைக் கண்ணாலும் காணாத மற்றொரு குழுவினர் அக்குறிப்பைக் கொண்டு புதிதாக ஒன்றை எழுதினர். 1982-இல் அக்கணிப்பொறி அறிவிக்கப்பட்டது. இன்று நம் கல்லூரிகளிலும் அலுவலகங்களிலும் உள்ள கணிப்பொறிகளின் குலம் அங்கிருந்து தழைத்ததே.

பிளேஸ்டேஷனுக்கும் அப்படி ஒரு வழக்கு நிகழ்ந்தது. 1999-இல் கனெக்டிக்ஸ் என்னும் அமெரிக்க நிறுவனம், மேக்கின்டாஷ் கணிப்பொறியில் பிளேஸ்டேஷன் தகடுகளை ஓட்டும் எமுலேட்டர் ஒன்றை விற்றது. ஆராய்ச்சியின்போது சோனியின் பயாசை அவர்கள் படியெடுத்துப் பார்த்தது உண்மை. விற்ற பொருளிலோ சோனியின் ஒரு வரியும் இல்லை. சோனி வழக்குத் தொடுத்தது. கீழ்நீதிமன்றம் தடை விதித்தது. 2000 பிப்ரவரியில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அத்தடையை நீக்கி, ஆராய்வதற்காக இடையிற் செய்த படி நியாயமான பயன்பாடே என்று தீர்ப்பளித்தது. மறு ஆண்டில் சோனியே அந்த எமுலேட்டரை விலைக்கு வாங்கிக்கொண்டது. இதனினும் வியப்பு ஒன்றுண்டு. 2018 டிசம்பரில் சோனி தன் பழைய பெட்டியின் சிறுவடிவத்தை வெளியிட்டபோது, அதற்குள்ளே ஓடியது ஆர்வலர்கள் பொதுவில் எழுதி வைத்திருந்த ஒரு எமுலேட்டரே. பயாசுக்கு மாற்றாக அவ்வாறே புதிதாக எழுதப்பட்டு, எவரும் பயன்படுத்தலாம் என்று திறந்துவைக்கப்பட்ட நிரலும் இன்று உண்டு.

முதல்நூல், வழிநூல், சார்புநூல் என நம் இலக்கணிகள் நூலை வகுத்ததை நாம் ஆண்டுதோறும் வகுப்பில் நடத்துகின்றோம். வழிநூல் என்பது முதல்நூலின் படியன்று. அதன் பொருளை உள்வாங்கித் தன் சொல்லால் எழுந்தது. படியெடுத்தவனை நம் மரபு ஏடெழுதுவோன் என்றது. வழிநூல் செய்தவனை ஆசிரியன் என்றது. காம்பாக் செய்தது வழிநூல். புதிய பாம்பன் பாலமும் ஒருவகையில் வழிநூலே. இருபதாண்டு நடத்திய பாடத்தின் பொருள், அந்தப் பாலத்தின் மீது உப்புக்காற்றில் நின்றபோதுதான் எமக்கு முழுமையாக விளங்கிற்று.

எழுத்து ஒன்று, வழி வேறு

கருவிகள் வந்தன. ஆர்டுயினோ எனப்படும் உள்ளங்கையளவு மின்பலகையோடு நினைவட்டையை இணைத்து, முதலில் காக்காவின் கோப்புகள் அனைத்தையும் கணிப்பொறியில் பத்திரப்படுத்தினான். மூலத்தைத் தொடும் முன் படியெடுத்துக்கொள் என்பது சுவடிப்பதிப்பின் முதல் விதி. அதை யாரும் அவனுக்குக் கற்பிக்கவில்லை. பின்னர் வேறொரு வெற்று நினைவட்டையில் ஒரு சிறு நிரலை ஏற்றினான். பெட்டியின் நினைவட்டைத் திரையில் ஒரு குறை உண்டாம். அட்டை சொல்வதையெல்லாம் அது நம்பிவிடும். 2021-இல் ஆர்வலர்கள் கண்டறிந்த அந்த வழியாக, தகட்டின் துணையின்றியே அந்நிரல் பெட்டிக்குள் புகுந்தது. பெட்டியின் பின்புறத் தொடர்வாயிலில் ஒரு கம்பியை இணைத்து மறுமுனையைக் கணிப்பொறியிற் செருகினான். ஒரு நிமிடத்திற்கும் குறைவான நேரத்தில் 512 கிலோபைட்டும் ஒழுகி வந்துசேர்ந்தன. கண்ணிழந்த பெட்டி தன் நினைவைக் கையளித்தது.

வந்த கோப்பு பிழையற்றதா என்று அறிய ஒரு முறையுண்டு. கோப்பு முழுவதையும் கணக்கிட்டுக் கைரேகை போன்ற ஓர் எண்ணைப் பெறுவர். ஓர் எழுத்துப் பிசகினும் எண் மாறிவிடும். பெட்டியின் வகைக்கும் விற்ற நாட்டுப் பகுதிக்கும் ஏற்பப் பயாசில் பல பாடங்கள் உண்டு. ஒவ்வொன்றுக்கும் ஒரு கைரேகை. சுவடிகளை ஒப்பிட்டுப் பாடவேறுபாடு காணும் கலைஞர்க்கு இப்படியொரு வசதி வாய்த்திருக்குமானால், அவர்கள் வாணாளில் பாதி மிஞ்சியிருக்கும். எங்கள் கோப்பின் கைரேகை, அந்த வகைப் பெட்டிக்குரிய எண்ணோடு இம்மியும் பிசகாமல் பொருந்திற்று.

பிள்ளை எம்மைத் திரும்பிப் பார்த்தான். "சாச்சா, நான் அன்னைக்கு அழிச்சேன்ல, அதோட எண்ணும் இதேதான். ஓரெழுத்துக்கூட வித்தியாசம் இல்ல. அப்ப இந்த ஒரு வாரம் எதுக்கு?"

குறும்பாகக் கேட்டானா, உண்மையாகவே கேட்டானா என்று எமக்குத் தெரியவில்லை. உடனே விடைகூற இயலவில்லை என்பதை ஒப்புக்கொள்கின்றோம். அன்றிரவு முழுதும் எண்ணினோம். நபிமொழிக் கலையில் மத்னு என்றும் இஸ்னாது என்றும் இரண்டு உண்டு. மத்னு என்பது செய்தியின் வாசகம். இஸ்னாது என்பது அது யாரிடமிருந்து யாரிடம் வந்தது என்னும் தொடர். ஒரே வாசகம் இரு தொடர்களில் வந்திருக்கலாம்; எழுத்தில் வேற்றுமை இராது; ஆயினும் அறிஞர்கள் இரண்டையும் ஒன்றெனக் கொள்ளார். சப்பானியத் தொழிற்சாலை, தம்மாமில் ஒரு கடை, காக்காவின் ஊதியம், எங்கள் பரண், மகனின் கை. இத்தொடரில் ஒவ்வொரு கண்ணியையும் நாம் பெயர்சொல்லி எண்ணலாம். மற்றதற்குத் தொடர் இல்லை. காலையில் இதனைப் பிள்ளையிடம் கூறினோம். அவன் சிறிது நேரம் எண்ணிவிட்டு, "அப்ப, பெட்டியே இல்லாதவங்க என்ன செய்வாங்க?" என்றான்.

அக்கேள்விக்கு எம்மிடம் முழுவிடை இல்லை. உப்பும் ஈரமும் எல்லாப் பெட்டிகளையும் ஒருநாள் தின்றுவிடும். படியெடுப்பார் இருந்ததனாலேயே ஓலைச்சுவடிகள் தலைமுறைகளைக் கடந்து வாழ்ந்தன, உ.வே.சா. ஊர் ஊராய் அலைந்து தேடியவை பலவும் படிக்குப் படியாய் வந்தவையே. பூட்டிவைத்துக் காத்த மூலங்கள் கரையானுக்கு இரையான கதைகளும் பல உண்டு. உரிமையாளர் விற்கவும் மாட்டார், விடவும் மாட்டார் எனில் அறிவு எங்கே செல்லும்? தம் பெட்டியை இழந்த ஏழை ஒருவன் அந்தக் கோப்பை இறக்கினால் அவனைக் கள்வன் என்று வைய எமது நா எழாது. சுருள்கம்பித் தொகுதிகள் இன்னும் எமது மூன்றாம் தட்டில்தான் இருக்கின்றன. ஆனால் வழியிருந்தும் குறுக்குவழி செல்வோர்க்கு அந்த ஏழையின் நியாயம் கடன் கிடைக்காது. வழியே இல்லாதோர்க்கு, வழிநூல் செய்வோர் வேண்டும். திறந்த மனத்தோடு புதிதாய் எழுதித் தருவோர் வேண்டும். பொறியியல் மாணவர்க்கும் தமிழ் மாணவர்க்கும் அதுவே உயர்ந்த இலக்கு.

பத்தாம் எண்

அன்று மாலை, கருநிறத் தகட்டைக் கணிப்பொறியில் இட்டோம். எங்கள் பெட்டியின் பயாஸ் விழித்தது, இலச்சினை தோன்றிற்று, பேரொலி எழுந்தது. நினைவட்டையைப் படித்தது. எங்கள் தெருவின் அணி வரிசையாய் வந்து நின்றது.

முதலெண் 'தம்பி'. ஆம், நாமே. அதன்கீழ் ஒவ்வொரு பெயராய் உம்மாவுக்குப் படித்துக் காட்டினோம். ஒருவர் இன்று மலேசியாவில், இருவர் துபாயில், ஒருவர் ஊரிலேயே மளிகைக்கடையில். உம்மா ஒவ்வொருவரையும் இன்னார் மகன் என்று சொல்லிக்கொண்டே வந்தார்கள். பத்தாம் எண் காக்காவுடையது. எப்போதும் முன்னின்று ஆடுபவர் அவர். அந்த இடத்தில் அவர் பெயர் இல்லை. ஆங்கில எழுத்துகளில் 'மவன்' என்று இருந்தது.

1999-இல் அப்படி இருக்கவில்லை. எமக்கு நன்றாக நினைவிருக்கின்றது. 2006 விடுமுறையில், நாம் உறங்கிய ஏதோ ஓர் இரவில், தம் பெயரை அழித்துவிட்டு அதை எழுதியிருக்கவேண்டும். எவரிடமும் சொல்லவில்லை. தேதியும் இல்லை. பத்தொன்பது ஆண்டுகள் அந்தச் சொல் பரணில் இருந்தது.

பிள்ளை திரையைத் தொட்டுப் பார்த்தான். உம்மா எங்கள் முகங்களைப் பார்த்து, "என்ன எழுதியிருக்கு?" என்று கேட்டார்கள். சொன்னோம். அவர்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நல்லவேளை, நம்ம சாவியாலதான் திறந்தோம்" என்றார்கள்.

சீதக்காதி வள்ளலின் ஊரில் பிறந்தவர்கள் நாம். செத்தும் கொடுத்தான் சீதக்காதி என்பது இங்கே பழமொழி. வள்ளல்கள் மட்டுமே அவ்வாறு கொடுப்பர் என்று எண்ணியிருந்தோம். தம்மாமில் துயிலும் ஒரு தொழிலாளியும் கொடுக்க வல்லவர் என்பதை இப்போது அறிந்தோம். அவர் கொடுத்ததைத் தூய வழியில் பெற்றுக்கொண்டோம் என்னும் நிறைவு ஒன்றே எமக்குப் போதும். மாணவச் செல்வங்களே, உங்கள் வீட்டுப் பரணிலும் ஏதேனும் இருக்கக்கூடும். அரபுத்தமிழ்க் கிதாபு ஒன்றோ, ஒலிநாடா ஒன்றோ, உப்புப் படிந்த பெட்டி ஒன்றோ. அதனைத் திறக்க அறிந்த கைகள் இருக்கும்போதே இறக்கி வையுங்கள். சீறாவின் நாட்டுப்படலத்தை, இறைவன் நாடினால், அடுத்த மலரில் எழுதுவோம்.